சைனப்பின் தூக்கம்

பேராச்சி டீச்சருக்கு நாற்பத்தோரு வயது. அதில் பதினாறு வருஷத்தை தாராவி கார்ப்பரேஷன் தமிழ்ப் பள்ளிக்கூடத்தின் நாலாம் வகுப்பிலும், மிச்சத்தைத் தண்ணீர்க் குழாயடியிலும் ரேஷன் வரிசையிலும் தொலைத்துவிட்டதாக அவளே சொல்லிக்கொள்வாள். சொல்லும்போது சிரிக்க மாட்டாள். சிரிக்கவும் தெம்பு வேண்டுமே.

அது அறுபத்தாறாம் வருஷத்து மழைக்காலம். முந்தின வருஷம் நாடெங்கும் மழை பொய்த்ததற்கு பம்பாய்க்காரர்கள் இந்த வருஷம் ரேஷன் கடையில் தண்டனை அனுபவித்துக்கொண்டிருந்தார்கள். அரிசியைக் குறைத்துவிட்டு அமெரிக்காவிலிருந்து வந்த சிவப்பு மைலோச் சோளத்தை அள்ளிக் கொட்டினார்கள். களியாகக் கிண்டினாலும் சரி, கஞ்சியாகக் காய்ச்சினாலும் சரி, அந்தச் சனியன் தொண்டையை விட்டு இறங்க மாட்டேன் என்று அடம்பிடிக்கும். ஆனாலும் தின்றார்கள். வேறு என்ன செய்ய?

டீச்சர் குடியிருந்த சந்தில் இருபத்து நாலு வீடு, ஒரே ஒரு குழாய். விடியற்காலை மூன்றுக்கும் ஐந்துக்கும் நடுவில் தன் இஷ்டத்துக்கு ஒரு நேரத்தில் தண்ணீர் வரும். ஒன்றரை மணி நேரம் ஓடும். நின்றுவிட்டால் அடுத்த நாள்தான். சந்துக்கென்று ஒரு சட்டமும் இருந்தது. முந்தின நாள் சாயங்காலமே குடத்தை வரிசையில் வைத்துவிடலாம். குடம் நின்றால் ஆள் நிற்பதாக அர்த்தம். ஆனால் தண்ணீர் வரும்போது குடத்துக்குப் பக்கத்தில் ஆள் இல்லையென்றால், எந்த மகாராணி குடமாக இருந்தாலும் வரிசையின் வாலுக்குப் போய்விடும். வாலில் நிற்கும் குடம் நிறைந்ததாகச் சரித்திரம் இல்லை.

அதனால் சந்துக்கு சைனப் தேவைப்பட்டாள். புருஷன் தோல் கிடங்கில் வேலை பார்த்து, நெஞ்சு நோயில் போய்ச் சேர்ந்து ஒன்றரை வருஷம் ஆகியிருந்தது. மூன்று மணிக்கே மழைக்கு ஒரு சாக்கைத் தலையில் கொங்காணி போட்டுக்கொண்டு குழாயடியில் வந்து உட்கார்ந்துவிடுவாள். தண்ணீர் வருவதற்கு முன் குழாய்க்குள் காற்று உஸ்ஸென்று சீறும். அந்தச் சத்தம் கேட்டதும் எழுந்து, குடங்கள் நிற்கும் வரிசைப்படியே வீடு வீடாகப் போய்க் கதவுத் தகரத்தை மூன்று தட்டுத் தட்டுவாள். "டீச்சர், தண்ணி வந்துட்டு." அவ்வளவுதான் அவள் உத்தியோகம். அதற்குக் கூலியாக ஒவ்வொரு வீட்டிலும் உலை வைக்கும்போது ஒரு பிடி தானியம் போடுவார்கள். அரிசியோ, கோதுமையோ, மைலோவோ, அன்றைக்கு என்ன கொதிக்கிறதோ அதில் ஒரு பிடி. அந்த இருபத்து மூன்று பிடியில்தான் சைனப்பும் அவள் மகள் ஆபிதாவும் உயிர் வளர்த்தார்கள்.

ஆபிதா டீச்சரின் வகுப்பில்தான் படித்தாள். மூன்றாவது வரிசை, சுவர் ஓரம், பதினோரு வயது. வாயே திறக்க மாட்டாள். கை மட்டும் சும்மா இருக்காது. நூலோ கம்பியோ தகரத் துண்டோ எதையாவது முறுக்கிக்கொண்டே இருக்கும்.

ஜூலை மாதம் ஒரு நாள் ஹெட்மாஸ்டர் ஜம்பு, சைக்ளோஸ்டைல் செய்த இரண்டு தாள்களைக் கொண்டுவந்து நீட்டினார். அவர் மாட்டுங்காவிலிருந்து வருகிறவர். வேட்டியில் ஒரு சொட்டுச் சேறு பட்டாலும் அன்றைக்குப் பூராவும் முகம் சரியாயிராது.

"இலாகாவிலேருந்து வந்திருக்கு டீச்சர். பஞ்ச காலத்துல குழந்தைகளுக்கு நம்பிக்கை ஊட்டணுமாம். இந்த வாரமே நடத்தி முடிச்சுடுங்கோ."

'பஞ்சத்தை வென்ற பாலன்' என்று தலைப்பு. கடல் தாண்டி எங்கேயோ ஒரு நாடு, அங்கே மாரோ என்று ஓர் ஏழைப் பையன். மழை இல்லை. ஊர்க் கிணறு பாதாளத்துக்குப் போய்விட்டது. பத்துப் பேர் நாளெல்லாம் ஏற்றம் இறைத்தும் பயிர் காய்கிறது. பதினாலு வயது மாரோ உடைந்த வண்டிச் சக்கரத்தையும் பழைய எண்ணெய்த் தகரங்களையும் சேர்த்து ஒரு யந்திரம் பண்ணுகிறான். பத்துப் பேர் இறைத்த தண்ணீரை ஒரு கழுதை சுற்றி இறைத்துவிடுகிறது. ஊர் செழிக்கிறது. மாரோவைத் தோளில் தூக்கிக்கொண்டு போகிறார்கள். சுபம்.

டீச்சர் பாடத்தை உரக்க வாசித்தாள். ஐம்பத்தெட்டுப் பிள்ளைகள், பாதிப் பேருக்கு எழுத்துக் கூட்டவே வராது, சந்தேகம் கேட்டால் இந்தியில் கேட்பார்கள். கூரைத் தகரத்தில் மழை வேறு. காலையில் குடித்த கஞ்சி எப்போதோ கரைந்துபோய், வாசிக்க வாசிக்கக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. ஆனாலும் "தோளில் தூக்கிக்கொண்டு போனார்கள்" என்ற இடத்தில் குரலை ஏற்றித்தான் முடித்தாள். ஒரு பிள்ளை முகத்திலும் ஓர் அசைவு இல்லை.

"என்னலே, ஒருத்தனுக்கும் ஒண்ணும் தோணலியா?"

முன் வரிசை பூலோகம் எழுந்தான். "டீச்சர், பஞ்சம்னா கழுதைக்கு என்ன போட்டாவ?"

"உக்காருலே."

"இல்ல டீச்சர், உடைஞ்ச சக்கரத்தை பங்கார் கடையில எடைக்குப் போட்டா அன்னைக்கே சோறு திங்கலாமே. அதைப் போயி கிணத்துல மாட்டியிருக்கான், பைத்தியாரன்."

வகுப்பே சிரித்தது. டீச்சருக்கும் அவன் சொன்னதில் தப்பு ஒன்றும் தெரியவில்லை, அதுதான் எரிச்சல். அப்போதுதான் சுவர் ஓரத்திலிருந்து ஆபிதாவின் குரல் வந்தது. "டப்பா மேல வந்ததும் எப்படி டீச்சர் தானாக் கவுறும்?"

டீச்சருக்குத் தெரியவில்லை. தாளில் அது இல்லை. "நீயே யோசிச்சுப் பாரு" என்று சொல்லிவிட்டு மணி எப்போது அடிக்கும் என்று பார்த்தாள்.

எட்டு நாள் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், ஆபிதா டீச்சர் வீட்டு வாசலில் வந்து நின்றாள். "டீச்சர், எங்க வீட்டுக்கு வாரியளா? ஒண்ணு காட்டணும்."

சைனப்பின் வீடு குழாயிலிருந்து நாலாவது வீடு. குழாயின் மூக்குக்குக் கீழே ஒரு டால்டா டப்பா தொங்கியது. அதில் கட்டிய கயிறு, ஆணியில் மாட்டிய ஒரு நூல்கண்டு உருளை மேல் ஏறி, கூரை விளிம்போடு ஓடி, சுவர்த் துளை வழியாக சைனப்பின் வீட்டுக்குள் போயிற்று. உள்ளே ஒரு பலகை, அதன் நுனியில் கூழாங்கல் போட்ட பவுடர் டப்பா, கீழே ஒரு தகரத் தட்டு. ஆபிதா ஒரு செம்புத் தண்ணீரை டால்டா டப்பாவில் ஊற்றினாள். டப்பா கனத்துக் கீழே இறங்க, கயிறு இழுபட, உள்ளே பவுடர் டப்பா தட்டில் விழுந்து கடகடவென்று உருண்டது.

"உம்மா இனிமே மழையில உக்கார வேண்டாம்லா டீச்சர். உள்ளயே படுத்துக்கலாம். சத்தம் கேட்டு எந்திச்சுப் போனாப் போதும். உம்மாக்கு முட்டி வீங்கிப் போச்சு. ராவெல்லாம் இருமுது."

"டப்பா அடியில ஓட்டை எதுக்குட்டி?"

"தண்ணி ஒழுகி தானாக் காலியாவும். இல்லன்னா மறுநாளைக்கு ஆரு காலி பண்ண?"

டீச்சர் அந்த ஆணி ஓட்டையைப் பார்த்துக்கொண்டே நின்றாள். பதினாறு வருஷம் கத்திக் கத்தித் தொண்டைதான் போயிற்றே ஒழிய, சொல்லிக்கொடுத்தது ஒரு பிள்ளையின் மண்டைக்குள் போய்க் கைவழியாக வெளியே வந்ததை அன்றைக்குத்தான் பார்க்கிறாள். அப்படியே ஆபிதாவைக் கட்டிக்கொண்டாள். அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை.

"ஏட்டி, இது ஏன் உங்க வீட்டுக்குள்ள மட்டும் கேக்கணும்? மாரோ என்ன செஞ்சான்? ஊருக்கே செஞ்சாம்லா? பள்ளிக்கூடத்து அலமாரியில பழைய பித்தளை மணி ஒண்ணு கெடக்கு. ஹெட்மாஸ்டர்ட்ட கேட்டு வாங்கி குழாயடிக் கம்பத்துல கெட்டிருவோம். சந்து பூரா ஒரே நேரத்துல எந்திக்கட்டும். உங்க உம்மா நிம்மதியாத் தூங்கட்டும்."

ஆபிதா கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தாள். சைனப் மகளைப் பார்த்தாள், டீச்சரைப் பார்த்தாள், முந்தானையில் வாயை மூடிக்கொண்டு இருமினாள். "படிச்சவங்க நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும் டீச்சர்" என்றாள்.

செவ்வாய்க்கிழமை விடியற்காலை கம்பத்து மணி அடித்தபோது சந்தே அமர்க்களப்பட்டது. ஒரு குடம்கூட வாலுக்குப் போகவில்லை. மில் தொழிலாளி வெயிலுமுத்து "ஷாபாஷ்! ஷாபாஷ்!" என்று ஆபிதாவைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டான். அவன் பெண்டாட்டி சண்முகவடிவு, டீச்சருக்கு அடுத்த வீட்டுக்காரி, பிள்ளைக்கு நெட்டி முறித்தாள். பாடத்தில் எழுதியிருந்தது போலவே எல்லாம் நடந்தது. டீச்சர் அன்றைக்கு வகுப்பில் தெம்பாகப் பேசினாள்.

அன்றைக்கு சைனப் வந்தபோது எல்லா வீட்டிலும் பிடி போட்டார்கள். மறுநாள் இரண்டு வீட்டில் "உலை வச்சுட்டேனே சைனப்பு" என்றார்கள். அதற்கு அடுத்த நாள் ஆறு வீடு. கெட்ட எண்ணம் யாருக்கும் இல்லை. ஆனால் எழுப்பாத ஆளுக்கு எதற்குப் பிடி என்று ரேஷன் குறைந்த வீட்டில் கேள்வி தானாக வரும். டீச்சர் மட்டும் என்ன, வானத்திலிருந்து குதித்தவளா? வெள்ளிக்கிழமை உலையில் போட அரிசியை அளந்து, பழக்கத்தில் ஒரு பிடியைத் தனியே எடுத்தவள், கொஞ்ச நேரம் கையிலேயே வைத்திருந்தாள். பிறகு அது டப்பாவுக்கே திரும்பிப் போயிற்று. நாளைக்குச் சேர்த்துப் போட்டுவிடலாம் என்று நினைத்துக்கொண்டாள். மறுநாளும் போடவில்லை. யாரும் பார்க்கவில்லை என்றும் நினைத்துக்கொண்டாள்.

அடுத்த வாரம் ஆபிதா பள்ளிக்கூடத்துக்கு வரவில்லை. திங்கள், செவ்வாய், புதன். சுவர் ஓரம் காலியாக இருப்பது டீச்சருக்குப் பல்லில் சிக்கிய நார் போல உறுத்திக்கொண்டே இருந்தது. வியாழக்கிழமை காலையில், மத்தியானப் பள்ளிக்கூடத்துக்கு நேரம் இருந்ததால், போய்ப் பார்த்தாள்.

வீட்டுக்குள் கால் வைக்க இடமில்லை. கரீம் பாட்சாவின் தகரக் கடையிலிருந்து வந்த பழைய டப்பாக்கள் குவிந்து கிடந்தன. ஆபிதா ஒவ்வொன்றாக எடுத்து, ஒட்டியிருந்த காகிதத்தைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். விரல் நுனியெல்லாம் கீறல். சைனப் எழுந்து ஒரு டப்பாவைக் கவிழ்த்து அதன் மேல் துணியைப் போட்டு "உக்காருங்க டீச்சர்" என்றாள்.

"பிள்ளைய ஏன் அனுப்பல?"

"இதுல என்ன கெடைக்கும் டீச்சர்? வர்ற ஞாயித்துக்கெழமை பாண்டுப்புக்கு அனுப்பிரலாம்னு இருக்கேன். என் நாத்தனா மெஹராஜ் அங்க இருக்கா. ஒரு வீட்டுல கைப்பிள்ளையப் பாத்துக்க ஆள் வேணுமாம். அங்கயே தங்கிக்கிடலாமாம். ரெண்டு வேளை சாப்பாடு போட்டுருவாகளாம்."

"படிப்பு?"

சைனப் இன்னொரு டப்பாவை எடுத்து மகள் பக்கம் நகர்த்தினாள். கோபப்பட்டிருந்தாலாவது டீச்சருக்குத் தேவலையாக இருந்திருக்கும். அவளோ ஆறுதல் சொல்வது போல் பேசினாள். "நீங்க நல்லதுக்குத்தான் செஞ்சிய டீச்சர். இப்ப மழையில உக்கார வேண்டாம், தூங்கலாம். பசியிலதான் அது வர மாட்டேங்குது."

ஆபிதா சுரண்டுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தாள். "டீச்சர், ஒண்ணு கேக்கட்டா? கழுதை வந்தபொறவு, ஏத்தம் இறைச்சாங்கள்லா பத்துப் பேரு, அவங்க என்ன ஆனாங்க?"

குத்திக் காட்டுகிற குரல் இல்லை அது. டப்பா எப்படிக் கவிழும் என்று கேட்டாளே, அதே குரல்தான். டீச்சர் டப்பாவிலிருந்து எழுந்தாள். "பாத்துச் சொல்லுதேன்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள். வீட்டுக்குப் போய் அந்த இரண்டு தாளையும் எடுத்து மேலும் கீழும் வாசித்தாள். பத்துப் பேர் முதல் பக்கத்தில் இருந்தார்கள். இரண்டாம் பக்கத்தில் இல்லை.

சண்முகவடிவிடம் போய்ப் பேசினாள். "ஏளா, சைனப்புக்குப் பழையபடி எல்லாரும் ஒரு பிடி போட்டா என்ன? அந்தப் பிள்ளையாலதான நமக்கு இந்தச் சுகம்?"

சண்முகவடிவு அம்மியிலிருந்து கையை எடுக்காமலே சொன்னாள். "இப்ப மணில்லா எழுப்புது டீச்சர். மணிக்கு ஆராச்சும் அரிசி போடுவாவளா? எனக்கு மட்டும் பாவமா இல்லியா? எங்க வீட்டுல ஆறு வயிறு." அரைத்ததை வழித்துச் சேர்த்தாள். "நீங்களே போடலியே. தகரச் சுவருதான, எனக்கு எல்லாம் தெரியும்."

டீச்சருக்கு உடம்பு கூசிப்போயிற்று. வீட்டுக்கு வந்து, குடத்தில் இருந்த தண்ணீரைக் குடித்தாள். அதுவும் அந்த மணி எழுப்பிப் பிடித்த தண்ணீர்தான்.

வெள்ளிக்கிழமை பதினொரு மணிக்கு மழை பிய்த்துக்கொண்டு ஊற்றியது. ஆண்கள் வேலையில். பெண்கள் ரேஷன் கடையில் சோளம் வந்திருக்கிறது என்று ஓடிப்போயிருந்தார்கள். டீச்சரின் புருஷன் சொரிமுத்து ராத்திரி ஷிப்ட் முடிந்து வந்து குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். பேராச்சி டீச்சர், நாலாம் வகுப்புக்கு நீதிபோதனையும் சேர்த்து நடத்துகிறவள், புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு கம்பத்தடியில் ஓர் எண்ணெய்ப் பீப்பாயை உருட்டிப் போட்டு அதன் மேல் ஏறினாள். பீப்பாய் ஆடியது. கடவுளே, இந்த வயதில் இது தேவையா? ஒரு கையால் மணியின் நாக்கைப் பிடித்துக்கொண்டு மறு கையால் முடிச்சை அவிழ்த்தாள். நனைந்த முடிச்சு லேசில் விடவில்லை, நகம் ஒன்று போயிற்று. அவிழ்த்த கயிற்றை அப்படியே விட மனசு வராமல் சுருட்டி ஆணியில் மாட்டினாள். மணியைப் பையில் காப்பிநோட்டுகளுக்கு அடியில் வைத்துப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோய், அலமாரியில் பழைய இடத்திலேயே போட்டாள்.

சாயங்காலம் அவள் திரும்பி வந்தபோது சந்தே திரண்டு நின்றது.

"டீச்சர், மணியக் காணும்!" என்றான் வெயிலுமுத்து.

"பித்தளைல்லா?" என்றாள் டீச்சர். "எவனோ கழத்திட்டுப் போயிருப்பான்."

உடனே எல்லாரும் நம்பிவிட்டார்கள். பித்தளை காணாமல் போவதில் தாராவியில் யாருக்கு என்ன ஆச்சரியம்? அடுத்த சந்துப் பையன்களைத் திட்டித் தீர்த்தார்கள். டீச்சர் தலையை ஆட்டிக்கொண்டு நின்றாள். அந்தத் திட்டெல்லாம் அவள் முதுகில்தான் விழுந்தது.

அன்று ராத்திரி யாருக்கும் சைனப்பின் நினைவு வரவில்லை. தானாக விழிப்பு வந்துவிடும் என்று படுத்தார்கள். பத்து நாளாக மணிக்குப் பழகிப்போன உடம்பு, எங்கே விழிக்கும்? விடியற்காலை கூரையில் மழை அறைந்துகொண்டிருந்தது. குழாய்க்கு மிக அருகில், தூங்காமல் கிடந்த டீச்சருக்கு மட்டும் அந்த உஸ் சத்தம் கேட்டது. பிறகு தண்ணீர் கொட்டும் சத்தம். அவளுடைய குடம் வரிசையில் மூன்றாவது. கை கால் எல்லாம் எழு, எழு என்றது. அவள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். ஒன்றரை மணி நேரம் இருபத்து நாலு வீட்டுத் தண்ணீரும் சாக்கடையில் ஓடுவதைக் கேட்டபடி கிடந்தாள். தண்ணீரை வீணாக்கக் கூடாது என்று அவள் எத்தனை பிள்ளைகளை அடித்திருப்பாள். அழுகைதான் வந்தது.

விடிந்ததும் சந்து நாறிப்போயிற்று. சமைக்கத் தண்ணீர் இல்லை, கால் கழுவத் தண்ணீர் இல்லை. அடுத்த சந்தில் போய்க் கெஞ்சி, ஏச்சு வாங்கி, ஆளுக்கு அரைக் குடம் கொண்டுவந்தார்கள். பத்து மணிக்கு சண்முகவடிவு ஒரு கிண்ணத்தை முந்தானைக்குள் வைத்துக்கொண்டு சைனப்பின் வீட்டுக்குப் போவதை டீச்சர் பார்த்தாள். அவள் பின்னாலேயே தானும் போனாள். டீச்சரின் கிண்ணத்தில் அரிசி கொஞ்சம் கூடுதலாகவே இருந்தது.

"நாளையிலருந்து நீயே எழுப்பிரு சைனப்பு" என்றாள் சண்முகவடிவு. "அந்த மணியும் வேண்டாம், மண்ணும் வேண்டாம்."

சைனப் இரண்டு கிண்ணத்தையும் வாங்கிக்கொண்டாள். சாயங்காலத்துக்குள் எல்லா வீட்டிலிருந்தும் வந்துவிட்டது. பாண்டுப்புக்குப் பிள்ளை இப்போது வரவில்லை என்று மெஹராஜுக்குச் சொல்லி அனுப்பினாள்.

ஆபிதா கயிற்றை மறுபடி சுவர்த் துளை வழியாக வீட்டுக்குள் விட்டு, பவுடர் டப்பாவைக் கட்டிக்கொண்டிருந்தாள். டீச்சர் பக்கத்தில் நின்று உருளையைப் பிடித்துக்கொடுத்தாள்.

"கயித்த அறுக்காம, முடிச்ச அவுத்து, சுருட்டி மாட்டிட்டுப் போயிருக்கான் டீச்சர்" என்றாள் ஆபிதா, குனிந்த தலை நிமிராமல். "நல்ல கள்ளன்."

"வேலையப் பாருட்டி."

ஞாயிற்றுக்கிழமை விடியற்காலை சைனப் வந்து தட்டினாள். திங்கட்கிழமையும் தகரத்தில் மூன்று தட்டு விழுந்தது. "டீச்சர், தண்ணி வந்துட்டு."

குரல் வேறாக இருந்தது. டீச்சர் கதவைத் திறந்தாள். தலையில் சாக்கைப் போட்டுக்கொண்டு, குளிரில் உதடு நடுங்க, ஆபிதா நின்றுகொண்டிருந்தாள்.

"உம்மா எங்கட்டி? மேலுக்கு முடியலியா?"

"இல்ல டீச்சர். டப்பா விழுந்த சத்தமே உம்மாக்குக் கேக்கல. வயிறு ரொம்பிட்டுல்லா, அப்படியே தூங்குது. இத்தன நாளும் இப்படித் தூங்கி நான் பாக்கல. எழுப்ப மனசு வரல." சொல்லிவிட்டு அடுத்த வீட்டுக்கு ஓடினாள். இன்னும் இருபது கதவு பாக்கி இருந்தது.

அன்று மத்தியானம் வகுப்பில் பாடத்துக்குப் பரீட்சை. ஹெட்மாஸ்டர் கேள்விகளை எழுதியே கொடுத்திருந்தார். முதல் கேள்வி, சிறுவனின் கண்டுபிடிப்பால் ஊரார் அடைந்த நன்மைகள் யாவை? டீச்சர் சாக்பீஸை எடுத்துக்கொண்டு திரும்பினாள். மூன்றாவது வரிசையில், சுவர் ஓரம், ஆபிதா சிலேட்டின் மேல் கன்னத்தை வைத்துத் தூங்கிப்போயிருந்தாள். வாய் லேசாகத் திறந்திருந்தது. கை மட்டும் ஒரு நூல் துண்டைப் பிடித்துக்கொண்டிருந்தது.

"டீச்சர், ஆபிதா தூங்குதா!" என்று பூலோகம் எழுந்து அவளை உலுக்கப் போனான்.

"விடுலே" என்றாள் டீச்சர். "தூங்கட்டும்."

பிறகு கரும்பலகைப் பக்கம் திரும்பி, சாக்பீஸ் கீச்சிடாமல், மெதுவாகக் கேள்வியை எழுதத் தொடங்கினாள்.